நத்தை வளர்ப்புப் பயிற்சி நடத்துவோருக்கு ஒரு திறந்த மடல்

வணக்கம்.

நத்தை வளர்ப்பைச் சிறுதொழிலாகக் கற்றுத்தரும், தரப்போகும் அமைப்புகளுக்கு ஒரு கேள்வி: எந்த நத்தையை வளர்க்கச் சொல்கிறீர்கள்?

கானாவிலும் நைஜீரியாவிலும் பெரும்பாலும் வளர்ப்பது அக்காட்டினா அக்காட்டினா, ஆர்க்அக்காட்டினா மார்ஜினேட்டா என்ற உள்ளூர் இனங்களை. அங்கத்திய கையேட்டைப் படித்துவிட்டு நம்மூர்க்காரர் தோட்டத்து வேலியோரம் பொறுக்கிவருவது லிஸ்ஸஅக்காட்டினா ஃபுலிக்கா என்ற ஆப்பிரிக்க ராட்சத நத்தையை. கிழக்கு ஆப்பிரிக்காவைச் சேர்ந்த இது 1847இல் கொல்கத்தாவுக்கு வந்தது. இன்று பப்பாளி, வாழை, நாற்றங்கால் என எதையும் விடாமல் தின்னும் பூச்சிக்குச் சமமான தொல்லை. மார்ஜினேட்டா ஒரு தடவைக்குப் பத்துச் சொச்சம் பெரிய முட்டைகள்தான் இடும். ஃபுலிக்கா நூற்றுக்கணக்கில் இடும், ஆண்டுக்குப் பல தடவை. ஒவ்வொன்றும் ஆணும் பெண்ணுமாக இருப்பதோடு, ஒருமுறை இணைந்தபின் விந்தைச் சேமித்தும் வைக்கும். ஆகவே ஒன்று தப்பிப்போனாலே போதும், பெருகிவிடும்.

வளர்ப்பும் விளம்பரம் சொல்வதுபோல் எளிதல்ல. தொட்டியில் 20 முதல் 25 செ.மீ. ஆழத்துக்குப் பொலபொலப்பான மணல் கலந்த மண் வேண்டும். களிமண்ணில் முட்டையிடக் குழி பறிக்க முடியாது; நீர் தேங்கினால் முட்டை அழுகும். சதுர மீட்டருக்குப் பெரிய நத்தை 10, 15க்கு மேல் போனால் சளியும் எச்சமும் மண்ணைக் கெடுக்கும். வளர்ச்சி நிற்கும், முட்டையிடுவதும் குறையும். ஓட்டுக்குச் சுண்ணச்சத்து தேவை: கிளிஞ்சல் தூள் அல்லது முட்டையோட்டுத் தூள் போடலாம், நீற்றுச் சுண்ணாம்பு உடலைச் சுட்டுவிடும். சத்து போதாவிட்டால் ஓடு மெலிந்து உடையும். எறும்பு குஞ்சுகளைத் தூக்கிப்போகும் என்பதால் தொட்டிக் கால்களை நீர்க் கிண்ணத்தில் நிறுத்த வேண்டும். சித்திரை வெயிலில் ஓட்டின் வாயை வெள்ளைச் சவ்வால் மூடிக்கொண்டு மாதக்கணக்கில் தின்னாமல் கிடக்கும். செத்ததென்று குப்பையில் போட்டால் அடுத்த மழைக்கு எழுந்து நடக்கும்! இவ்வளவுக்கும் பிறகு கிடைக்கும் கறி உயிர்எடையில் பாதிகூட இராது. எலி நுரையீரல் புழுவை இது சுமப்பதுண்டு. அது மனிதருக்கு மூளையுறை அழற்சியைத் தரும். வெறுங்கையால் தொடுவதே தவறு. நிற்க, வாங்குபவர் யார்?

இந்தக் கேள்வியைக் கேட்காத நாடுகள் உண்டு. 1980 வாக்கில் உணவுக்காகத் தென் அமெரிக்காவிலிருந்து தங்க ஆப்பிள் நத்தை தைவானுக்கும், பின்னர் பிலிப்பைன்ஸுக்கும் கொண்டுவரப்பட்டது. சந்தை எடுபடவில்லை. கைவிட்ட நத்தைகள் வாய்க்கால் வழியே வயலுக்குப் போய் இளநாற்றைத் தின்றன. இன்றும் அங்கே உழவர்கள் கையால் பொறுக்குகிறார்கள்.

நம்மவர் உண்ணும் நத்தை வேறு: குளத்திலும் வயலிலும் கிடைக்கும் பைலா. ஆண், பெண் தனித்தனி. கற்றுத்தருவதென்றால் இதைக் கற்றுத்தாருங்கள். மழைக்காலத் தொடக்கத்தில் நீர்மட்டத்துக்கு மேலே, ஈரக் கரைமண்ணில் குழிபறித்து வெள்ளை முட்டைகளை இடும். எனவே நான்கு பக்கமும் சிமெண்டு பூசிய தொட்டியில் குஞ்சு எடுக்க முடியாது. ஒரு பக்கமாவது நிழலான மண்கரை வேண்டும். பாசியும் நீர்ச்செடியும் தீவனம். கரையோரத் தண்டுகளில் இளஞ்சிவப்பு முட்டைக் கொத்தைக் கண்டால் அது அந்தத் தங்க ஆப்பிள் நத்தையுடையது, உடனே நசுக்குங்கள். மருந்தடித்த வயலிலும் சாக்கடை கலக்கும் குளத்திலும் பிடித்ததை விற்கக் கூடாது. நல்ல இடத்தில் பிடித்ததையும் இரண்டு மூன்று நாள் சுத்த நீரில் விட்டு, அழுக்கு கழிந்தபின் நன்றாக வேகவைத்தே உண்ண வேண்டும்.

ஆகவே ஃபுலிக்கா பயிற்சியை நிறுத்துங்கள். கையேட்டின் முதல் பக்கத்தில் இனத்தின் பெயரை அச்சிடுங்கள். ஏற்கெனவே வளர்ப்பவர்களுக்கு இதைச் சொல்லுங்கள்: திறந்துவிட வேண்டாம், பிறருக்குக் கொடுக்கவும் வேண்டாம். கையுறை போட்டுப் பொறுக்கி, கொதிநீரில் போட்டு, ஆழக் குழியில் புதைக்கவும். தொட்டி மண்ணைச் சலித்தால் முட்டைகள் கிடைக்கும், அவற்றையும் அவ்வாறே. நத்தையைக் கொல்ல உப்பைத் தோட்ட மண்ணில் கொட்டாதீர்கள், செடி கருகும்.

இப்படிக்கு,
தோட்டங்களில் நத்தைக் கட்டுப்பாட்டு வேலை செய்வோர்