சஸ்பெண்ட் செய்துவிட்டால் தவறு நின்றுவிடுமா?

மருத்துவமனை நிர்வாகிகளுக்கு,

வணக்கம். ஊசி மருந்து மாறிப்போய் ஒரு நோயாளி இறந்தால் அடுத்து என்ன நடக்கும் என்பது இப்போது எல்லோருக்கும் மனப்பாடம். அன்று பணியில் இருந்த செவிலியர் சஸ்பெண்ட் ஆவார், விசாரணைக் குழு அமையும். மாறிப்போன அந்தக் குப்பி மட்டும் அதே அலமாரியில், அதே தட்டில் இருக்கும்.

உடலில் பொட்டாசியம் குறைந்தவர்களுக்கு ஏற்றும் அடர் பொட்டாசியம் குளோரைடு மருந்தையே எடுத்துக்கொள்ளுங்கள். போதிய அளவு நீர்க்காமல் நேராக ரத்தக்குழாயில் வேகமாக ஏற்றினால் இதயம் நின்றுவிடும். பார்வைக்கோ சலைன் மாதிரி நிறமற்ற திரவம். மருந்து கரைக்கும் நீர்க்குப்பிக்குப் பக்கத்திலேயே அதையும் வைத்துவிட்டு, நடுராத்திரியில் வார்டு முழுக்கத் தனியாக ஓடுகிறவரிடம் "கவனமாக இருந்திருக்க வேண்டாமா?" என்று கேட்பது நியாயமா? பொது வார்டுகளிலிருந்து அதை எடுத்துவிட்டு, மருந்தகமே கலந்து அனுப்பட்டும். வின்கிரிஸ்டின் விஷயமும் இப்படித்தான். ரத்தக்குழாயில் மட்டுமே செலுத்த வேண்டிய அந்தப் புற்றுநோய் மருந்து, தவறுதலாக முதுகுத்தண்டில் செலுத்தப்பட்டு உயிர்களைப் பறித்திருக்கிறது. சிரிஞ்சில் நிரப்பாமல் சிறு பையில் கலந்து டிரிப்பாக ஏற்றினால், அந்தத் தவறைச் செய்வதே கடினம்.

சரிபார்ப்புப் பட்டியல்தான் இருக்கிறதே என்பீர்கள். சரி, இருக்கிறது. உலக சுகாதார நிறுவனம் 2008-ல் கொண்டுவந்த அறுவை சிகிச்சைப் பட்டியலை எட்டு மருத்துவமனைகளில் பயன்படுத்திப் பார்த்தபோது, இறப்பு 1.5 சதவீதத்திலிருந்து 0.8 சதவீதமாகக் குறைந்தது. கத்தி வைக்கும் முன் குழுவே ஒரு நிமிடம் நின்று நோயாளியின் பெயர், செய்யப்போகும் அறுவை, உடலின் எந்தப் பக்கம் என்று வாய்விட்டுச் சொல்வதுதான் அதன் உயிர். எல்லாம் முடிந்தபின் மொத்தமாக டிக் அடிக்கும் தாள் கோப்புக்குத்தான் உதவும் (கோப்புகள் எப்போதும் நலமாகவே இருக்கின்றன).

இதைவிட எனக்கு உறுத்துவது, நூலிழையில் தப்பிய தவறுகள் உங்கள் காதுக்கு வராமலே போவது. தவறான குப்பியைக் கையில் எடுத்து, கடைசி நொடியில் லேபிளைப் பார்த்து நிறுத்தியவரிடம்தான் அடுத்த மரணத்தைத் தடுக்கும் தகவல் இருக்கிறது. சொன்னால் மெமோ வரும் என்றால் அவர் ஏன் சொல்லப்போகிறார்? பெயர் போடாமல் எழுதிப் போட ஒரு பெட்டி வையுங்கள். வந்த தகவலால் எதை மாற்றினீர்கள் என்று ஊழியர்களுக்கும் சொல்லுங்கள். இல்லாவிட்டால் இரண்டு மாதத்தில் அந்தப் பெட்டி காலியாகிவிடும். தெரிந்தே அலட்சியமாக நடந்தவரை விட்டுவிடச் சொல்லவில்லை, அது வேறு கணக்கு.

அப்புறம், தவறு நடந்தால் குடும்பத்தாரிடம் நீங்களே முதலில் சொல்லுங்கள். கேஸ் ஷீட்டைக் கேட்டு அவர்களை அலையவிடாதீர்கள். விசாரணை அறிக்கையில் யார் பொறுப்பு என்று எழுதும் பக்கத்திலேயே, வார்டில் எது மாற்றப்பட்டது, எந்தத் தேதியில் என்பதையும் எழுதி அவர்கள் கையில் கொடுங்கள்.

இப்படிக்கு,
நோயாளிகளின் உறவினர்களில் ஒருவர்