நார்ம் போட்டிகளை நம் ஊர்களிலேயே நடத்துங்கள்: தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்துக்கும் மாநில சதுரங்கக் கழகத்துக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய அலுவலர்களுக்கும் நிர்வாகிகளுக்கும் வணக்கம்.

2024 மே மாதம் துபாய் போலீஸ் மாஸ்டர்ஸ் போட்டியில் ஒரு வெற்றி, எட்டு டிராவுடன் நம் மாநிலத்தின் ஷ்யாம்நிகில் கிராண்ட்மாஸ்டர் ஆனார். சதுரங்கத்தின் மிக உயர்ந்த பட்டமான அதற்கு 2500 ரேட்டிங்கும் (ஆட்டக்காரரின் வலிமையைக் காட்டும் எண்), மூன்று நார்மும் (உரிய தரமுள்ள போட்டியில் எட்ட வேண்டிய ஆட்ட அளவு) வேண்டும். 2500 ரேட்டிங்கும் இரண்டு நார்மும் 2012லேயே அவர் கையில் இருந்தன. மூன்றாவது நார்முக்குப் பிடித்தது 12 ஆண்டுகள். நம் மற்ற ஆட்டக்காரர்களும் வெளிநாடுகளில்தான் முடித்தார்கள். பிரக்ஞானந்தா மூன்றாவது நார்மை எடுத்தது இத்தாலியின் ஓர்டிசேயில். வைஷாலி மூன்றாவது நார்மைக் கத்தாரிலும் 2500 ரேட்டிங்கை ஸ்பெயினிலும் தொட்டார். பிரணவ் பட்டத்தை முடித்தது ருமேனியாவில். ஆனால் 1988இல் ஆனந்த் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனது கோயம்புத்தூரில், சக்தி பைனான்ஸ் பன்னாட்டுப் போட்டியை வென்று. அன்று நம் மண்ணில் முடிந்தது இன்றும் முடியும்.

உங்களால் முடியும் என்பதற்குச் சான்று தேட வேண்டியதில்லை. 2022இல் மாமல்லபுரத்தில் ஒலிம்பியாட் நடந்தது. 2023 டிசம்பரில் நீங்கள் நடத்திய சென்னை கிராண்ட்மாஸ்டர்ஸ் போட்டியின் வெற்றிதான் குகேஷைக் கேண்டிடேட்ஸுக்குள் (உலக சாம்பியனை எதிர்த்து ஆடுபவரைத் தேர்ந்தெடுக்கும் போட்டி) கொண்டுபோனது. அடுத்த டிசம்பரில் அவர் உலக சாம்பியன். உச்சியில் இருப்பவர்களுக்கு நல்ல மேடை அமைந்துவிட்டது. அதற்கு ஒரு படி கீழே, 2350 முதல் 2490 வரை ரேட்டிங் உள்ள இளைஞர்களுக்குத்தான் இங்கே ஆட்டம் போதவில்லை. அதே சென்னைப் போட்டியின் 2024, 2025 சேலஞ்சர்ஸ் (இரண்டாம் நிலை) பிரிவில் ஆடியவர்கள் எல்லாரும் இந்தியர்கள். அதில் நார்ம் எடுக்க வழியே இல்லை.

நார்ம் என்பது வெறும் புள்ளிக் கணக்கு அல்ல. எதிராளிகள் யார் என்பதும் அதில் பாதி. குறைந்தது ஒன்பது ஆட்டம், அந்தப் போட்டியில் 2600 ரேட்டிங்குக்கு இணையான ஆட்டத்திறன், எதிராளிகளில் மூன்றில் ஒரு பங்கு கிராண்ட்மாஸ்டர்கள், பாதிப் பேராவது பட்டம் பெற்றவர்கள், சொந்த நாட்டவர் ஐந்தில் மூன்று பங்குக்கு மேல் கூடாது, வேற்று நாட்டவர் குறைந்தது இரண்டு நாடுகளிலிருந்து. வெளிநாட்டவர் நிறைந்த பெரிய ஓபன்களுக்கும் (யாரும் சேரக்கூடிய போட்டிகள்) தேசிய சாம்பியன்ஷிப்புக்கும் நாட்டு விதியில் விலக்கு உண்டு. ஆனால் மூன்று நார்மில் ஒன்றாவது விலக்கில்லாமல் எடுத்ததாக இருக்க வேண்டும். அதனால்தான் அழைக்கப்பட்ட பத்துப் பேர் மட்டும், ஒவ்வொருவரும் மற்ற எல்லாரோடும் ஆடும் மூடிய ரவுண்ட் ராபின் போட்டியைக் கேட்கிறோம்.

பத்துப் பேரை இப்படி அமைக்கலாம்: ஆறு இந்தியர், நான்கு வெளிநாட்டவர். ஒவ்வோர் இந்தியருக்கும் சொந்த நாட்டு எதிராளிகள் ஐந்து பேர், அனுமதிக்கப்பட்ட அளவு. வெளிநாட்டவருக்கு ஆறு இந்திய எதிராளிகள். ஒரே நாட்டவர் மூன்றில் இரண்டு பங்கைத் தாண்டக்கூடாது என்பதால் அதுவும் சரியாகப் பொருந்தும். நான்கு பேரும் ஒரே நாட்டிலிருந்து வந்தால் இந்தியருக்கு நார்ம் போயிற்று. மூன்று கிராண்ட்மாஸ்டர்களும் வெளிநாட்டவராகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை. நம்மிடமே அனுபவம் மிக்க கிராண்ட்மாஸ்டர்கள் இருக்கிறார்கள். அவர்களில் ஒருவரை அழைத்தால் ஒரு விமானச் சீட்டு மிச்சம், அவருக்கும் ஒரு வருமானம்.

அதிகம் சறுக்குவது சராசரி ரேட்டிங்கில். எதிராளிகளின் சராசரி 2380க்குக் கீழே ஒரு புள்ளி இறங்கினாலும், ஒன்பது ஆட்டத்தையும் வென்றவருக்குக்கூட நார்ம் கிடையாது. 2380 முதல் 2433 வரை ஒன்பதுக்கு 7 புள்ளி தேவை (வெற்றிக்கு ஒன்று, டிராவுக்கு அரை); 2434 ஆனால் 6.5 போதும், 2475க்கு 6. எதிராளிகள் 2500, 2480, 2450, 2410, 2400, 2380, 2350, 2320, 2300 என்று வைத்தால் சராசரி 2399, தேவை 7. அதே பட்டியலின் கூட்டுத்தொகையை 315 ரேட்டிங் புள்ளி உயர்த்தினால் சராசரி 2434 ஆகி, தேவை அரைப் புள்ளி குறைகிறது. பலகையில் அந்த அரைப் புள்ளி ஒரு முழு நாள் உழைப்பு. ரேட்டிங் பட்டியல் ஒவ்வொரு மாதமும் முதல் தேதி மாறும். போட்டி தொடங்கும் நாளில் உள்ள எண்தான் செல்லும். இரண்டு மாதம் முன்பு 2383 என்று கணக்குப் போட்டு அழைத்த எதிராளிகளின் சராசரி, தொடக்க நாளில் 2377இல் நிற்கலாம். ஆகவே 2400க்குக் குறையாமல் திட்டமிடுங்கள். கணக்கைப் பத்துப் பேருக்கும் தனித்தனியாகப் போடுங்கள். தன்னை நீக்கிப் பார்க்கும்போது ஒவ்வொருவரின் சராசரியும் வேறு.

கடைசி நேரத்தில் ஒரு கிராண்ட்மாஸ்டர் வராமல் போனால் எல்லாம் சரியும். ஆடாமல் கிடைத்த புள்ளி நார்ம் கணக்கில் சேராது. எனவே உள்ளூர் கிராண்ட்மாஸ்டர் ஒருவரை மாற்றாளாக முன்பே பேசி வையுங்கள். விசாவுக்கான அழைப்புக் கடிதம் தாமதமாகக் கிளம்பினால் இந்த நிலை தானாக வந்து சேரும்.

ஆட்டநேரம் 90 நிமிடம், நகர்வுக்கு 30 வினாடி கூடுதல். விதிப்படி ஒரே நாளில் இரண்டு சுற்று வைக்கலாம். வேண்டாம். ஓர் ஆட்டம் நான்கு மணி நேரத்தைத் தாண்டலாம். மாலைச் சுற்றில் களைத்தவர்கள் பதினைந்தாவது நகர்விலேயே கைகுலுக்கிவிடுவார்கள். நாளுக்கு ஒன்று, 30 நகர்வுக்கு முன் டிரா கேட்கக்கூடாது என்ற நிபந்தனை, தலைமைக்குப் போட்டியில் ஆடாத ஒரு சர்வதேச நடுவர். கடைசிச் சுற்றுகளில் ஒரே நாட்டவர் மோதுவது இயன்றவரை குறையும்படி சீட்டுக் குலுக்கலை அமையுங்கள்.

பணத்தைப் பற்றியும் ஒளிக்காமல் சொல்ல வேண்டும். மூடிய நார்ம் போட்டிகள் பலவற்றில் நார்ம் தேடும் ஆட்டக்காரரே பெரிய நுழைவுக் கட்டணம் கட்டுகிறார்; அதிலிருந்துதான் கிராண்ட்மாஸ்டர்களுக்கு ஊதியம் போகிறது. ஊதியம் தரும் பையனை எதிர்த்தே கிராண்ட்மாஸ்டர் ஆட வேண்டியிருக்கிறது. நேர்மையான ஆட்டத்தின் மீதும் சந்தேக நிழல் விழ இது ஒன்றே போதும். செலவை அரசு ஏற்றால் அந்த நிழல் விலகும். சாதாரண வேலைக்குப் போகும் பெற்றோரின் பிள்ளையும் உள்ளே வர முடியும். செலவைக் குறைக்க, அதே வெளிநாட்டவரை வைத்துக் கோயம்புத்தூரில் ஒன்று, மூன்று நாள் இடைவெளியில் திருச்சியிலோ மதுரையிலோ இன்னொன்று நடத்துங்கள். இந்திய ஆட்டக்காரர்களை மட்டும் மாற்றுங்கள்.

இந்தியர் இடங்களுக்கான தேர்வு முறையை முன்கூட்டியே வெளியிடுங்கள். நார்ம் பாக்கி இருப்பவர்களுக்கு முதலிடம் தாருங்கள். மூன்று நார்மும் முடிந்து ரேட்டிங் மட்டும் எட்டாதவர்களுக்கு இந்தப் போட்டி சரியான மருந்தல்ல. 2400ஐ ஒருமுறை தொட்டவருக்கு, சமமான எதிராளியை வென்றால் கிடைப்பது 5 ரேட்டிங் புள்ளிதான். 2480இலிருந்து 2500க்கு ஏற, ரேட்டிங்கின்படி எதிர்பார்ப்பதைவிட ஆட்டங்களில் இரண்டு முழுப் புள்ளி அதிகம் எடுக்க வேண்டும். அவர்களை வலுவான வெளிநாட்டு ஓபன்களுக்கு அனுப்ப பயண உதவி தாருங்கள்.

நார்ம் எடுத்தவரின் சான்றிதழ், தலைமை நடுவரின் கையொப்பத்தோடு, கடைசிச் சுற்று முடிந்த அன்றே தயாராக வேண்டும். நடுவர் ஊர் திரும்பிய பிறகு அதைத் துரத்துவது பெரும்பாடு. தேதிகளை ஆறு மாதம் முன்பே அறிவித்தால் பத்தாம், பன்னிரண்டாம் வகுப்புப் பொதுத்தேர்வுகளோடு மோதாமல் பார்த்துக்கொள்ளவும் நேரம் இருக்கும்.

இப்படிக்கு,
சதுரங்கப் பயிற்சியாளர்களும் நடுவர்களும்