மாமல்லபுரம் வழிகாட்டிகளுக்குத் தமிழில் வாய்மொழித் தேர்வு: கோரிக்கை மனு

அனுப்புநர்:
சுற்றுலா வழிகாட்டிகள்,
மாமல்லபுரம், செங்கல்பட்டு மாவட்டம்.

பெறுநர்:
மாவட்ட ஆட்சியர் அவர்கள்,
மாவட்ட ஆட்சியர் அலுவலகம், செங்கல்பட்டு.

பொருள்: வழிகாட்டி உரிமம் – நேரடி வாய்மொழித் தேர்வைத் தமிழில் நடத்தவும், ஒரே உரிமம் வழங்கவும் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஆட்சியர் அவர்களுக்கு,

வணக்கம். 2003ஆம் ஆண்டு முதல் மாமல்லபுரத்தில் பயணிகளுக்குச் சிற்பங்களை விளக்கிச் சொல்லிப் பிழைத்து வருகிறேன். என்னைப் போன்ற உள்ளூர் வழிகாட்டிகள் அனைவரின் சார்பில் இதை எழுதுகிறேன்.

பாதுகாக்கப்பட்ட நினைவுச் சின்னங்களில் பணம் பெற்றுக்கொண்டு பார்வையாளரைச் சுற்றிக் காட்டுவதற்குத் தொல்லியல் அதிகாரியின் உரிமம் வேண்டும் என்று பழங்கால நினைவுச் சின்னங்கள் பற்றிய 1959ஆம் ஆண்டு விதிகளின் 8ஆவது விதி சொல்கிறது. ஒன்றிய சுற்றுலா அமைச்சகம் தனியே இணையவழிப் பயிற்சியும் தேர்வும் நடத்திச் சான்றிதழ் தருகிறது. இவற்றில் எதையும் எடுத்துவிடுங்கள் என்று நாங்கள் கேட்கவில்லை. பயணிகளை ஏமாற்றிப் பணம் பறிப்பவர்களால் முதலில் பெயர் கெடுவது எங்களுக்குத்தான். ஆனால் கையில் இருக்கும் அடையாள அட்டையைக் காட்டினால், ஓரிடத்தில் செல்லும் என்கிறார்கள், இன்னோரிடத்தில் செல்லாது என்கிறார்கள். சென்ற மாதம் ஒரு குடும்பத்துக்கு விளக்கிக்கொண்டிருந்தபோது பாதியில் நிறுத்தி வெளியேற்றப்பட்டேன். வாங்கிய பணத்தைத் திருப்பிக் கொடுத்தேன். அந்தக் குழந்தைகளின் முன்னால் திருடனைப் போல நின்றது இன்னும் மனதை விட்டுப் போகவில்லை.

எங்களில் பலர் பத்தாம் வகுப்பைத் தாண்டாதவர்கள். கணினியின் முன் அமர்ந்து, கொடுக்கப்பட்ட நான்கு விடைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் பழக்கம் எங்களுக்கு இல்லை. அப்படிப்பட்ட தேர்வு எங்கள் அறிவை அளக்கும் என்றும் நான் நம்பவில்லை. ஒன்று சொல்கிறேன். பெரும்பாறைச் சிற்பத்தில் ஒற்றைக் காலில் நிற்பவர் அர்ச்சுனனா, பகீரதனா? சிவனிடம் பாசுபதம் என்னும் ஆயுதத்தை வேண்டி நிற்கும் அர்ச்சுனன் என்பார் உண்டு. நடுப்பிளவில் நாகர்கள் இருப்பதையும் மேலிருந்து நீர் விழுந்ததற்கான அமைப்பையும் காட்டி, கங்கையைக் கொண்டுவந்த பகீரதன் என்பாரும் உண்டு. நல்ல வழிகாட்டி இரண்டையும் சொல்லி, பிளவைக் காட்டி, கீழே தவம் செய்வதுபோல நிற்கும் பூனையையும் அதை நம்பிச் சுற்றி நிற்கும் எலிகளையும் காட்டி, முடிவைப் பார்ப்பவரிடமே விடுவார். கேள்வித்தாளில் இதற்கு எந்தக் கட்டத்தை நிரப்புவது?

2004 டிசம்பர் 26 அன்று கடல் உள்வாங்கியதைக் கரையில் நின்று பார்த்தவர்கள் எங்களில் இருக்கிறார்கள். அதன் பிறகு அருகிலுள்ள சாளுவன்குப்பத்தில் மணலுக்கடியிலிருந்து முருகன் கோயில் வெளிப்பட்டதையும் நாங்கள் அறிவோம். இதைப் படித்துச் சொல்வதற்கும் பார்த்துச் சொல்வதற்கும் வேறுபாடு உண்டல்லவா?

அரசமைப்புச் சட்டத்தின் 19ஆவது உறுப்பு விரும்பிய தொழிலைச் செய்யும் உரிமையைத் தருகிறது. தொழிலுக்குத் தேவையான தகுதியை அரசு வரையறுக்கலாம் என்றும் அதே உறுப்பு கூறுகிறது. எந்தத் தகுதி தேவையானது என்பதில்தான் வழக்கே பிறக்கிறது. அமெரிக்கத் தலைநகர் வாஷிங்டனில் வழிகாட்டிகள் தேர்வெழுதித்தான் ஆக வேண்டும் என்ற விதி பேச்சுரிமையைப் பறிக்கிறது என்று சொல்லி, 2014இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை நீக்கியது. அதே ஆண்டு நியூ ஆர்லியன்ஸ் நகரின் இதுபோன்ற விதியை வேறொரு மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. சார்லஸ்டன் நகரின் இதுபோன்ற விதி 2020இல் நீதிமன்றத்தில் விழுந்தது. நீதிபதிகளே இருவேறாகப் பிரிந்த செய்தி இது. நாள்கூலிபோல் வருமானம் பார்க்கும் எங்களால் நீதிமன்றப் படியேறி ஆண்டுக்கணக்கில் காத்திருக்க முடியாது. அதனால்தான் தங்களிடம் வருகிறோம்.

தொடர்புடைய துறைகளின் அலுவலர்களையும் எங்கள் பிரதிநிதிகளையும் தாங்கள் ஒரே மேசையில் அமர்த்திப் பேச வேண்டுகிறோம். தேர்வு வைக்கட்டும், ஐந்து ரதங்களின் முன்னாலோ வராக மண்டபத்திலோ எங்களை நிறுத்தி, தமிழில் கேட்கட்டும். தவறாகச் சொன்னால் உரிமம் தர வேண்டாம். தேறியவருக்குத் தரும் உரிமம் இவ்வூரின் எல்லாச் சின்னங்களிலும் செல்ல வேண்டும். முடிவு எட்டப்படும் வரை, பல ஆண்டுகளாகப் பணியாற்றுவோருக்குத் தற்காலிக அனுமதி கிடைக்கத் தாங்கள் பரிந்துரைக்க வேண்டும். மார்கழி, தை மாதப் பயணிகளை நம்பித்தான் எங்கள் பிள்ளைகளின் அடுத்த ஆண்டுப் பள்ளிக் கட்டணம் இருக்கிறது. அதற்கு முன்பாகக் கூட்டத்துக்கு நாள் குறிக்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
மாமல்லபுரம் வழிகாட்டிகள் சார்பில்.

இணைப்பு: வழிகாட்டிகளின் கையொப்பங்கள், அடையாள அட்டை நகல்கள்.