ஐந்தாம் பிரதி

அன்புள்ள சேகருக்கு,

நாடகத்தின் முதல் இரண்டு அங்கங்களையும் படித்துவிட்டேன். 1970களின் மாஸ்கோ கண்முன் நிற்கிறது. ஆனால் தடைசெய்யப்பட்ட கவிதைகளை உன் நாயகி ஒரே இரவில் நூறு பிரதி எடுக்கிறாளே, அதை மட்டும் மாற்றிவிடு.

அச்சகமும் நகலெடுக்கும் இயந்திரமும் அரசின் பிடியில் இருந்தன. வீட்டில் வைத்துக்கொள்ள முடிந்தது தட்டச்சு இயந்திரம்தான். சாதாரணத் தாளுக்கிடையே கார்பன் (மை பூசிய நகல் தாள்) வைத்து அடித்தால் நாலைந்து பிரதிக்கு மேல் தெளிவாக விழாது. சிகரெட் தாள்போல மெல்லிய தாள் கிடைத்தால் இன்னும் சில தேறும். கடைசித் தாள்வரை எழுத்து பதிய வேண்டுமானால் விசையை ஓங்கி அடித்தாக வேண்டும். அந்தச் சத்தம் பக்கத்து வீட்டுக்குக் கேட்கும். இயந்திரத்துக்கு அடியில் கம்பளியை மடித்துப் போட்டால் கொஞ்சம் அடங்கும். தாளை மிச்சம்பிடிக்க ஓரமும் வரி இடைவெளியும் விடாமல் நெருக்கி அடிக்கட்டும்.

பிழை விழுந்தால்தான் பாடு. ஒவ்வொரு கார்பனுக்கும் முன்னால் துண்டுத் தாள் செருகி, ஒவ்வொரு பிரதியிலும் தனித்தனியாக அழிக்க வேண்டும். மேல் தாளை மட்டும் திருத்தினால் ஐந்தாம் பிரதியை வாங்கியவர் தப்பான சொல்லையே நம்பி, தானும் ஐந்து பிரதி அடிப்பார். 5 என்பது 25, 125 என்று பெருகுவது இப்படித்தான். பிழையும் கூடவே பெருகும். கவிஞர் எழுதாத ஒரு சொல்லோடு கவிதை ஊர் சுற்றுவதை உன் நாடகத்தில் அவசியம் காட்டு. எனக்கு மிகவும் வலிப்பது அந்த இடம்தான்.

இன்னொன்று. அவளுக்குக் கவிஞரைத் தெரிந்திருக்க வேண்டாம், பிரதி கொடுத்தவரைத் தெரிந்தால் போதும். 1968இல் தொடங்கிய 'நடப்பு நிகழ்வுகளின் குறிப்பேடு' என்ற ரகசிய இதழ், தகவல் சொல்ல விரும்புகிறவர்கள் யாரிடமிருந்து இதழை வாங்கினார்களோ அவரிடமே சொல்லும்படி கேட்டுக்கொண்டது. பிடிபட்டாலும் சங்கிலியில் ஒரு கண்ணிக்கு மேல் காட்டிக்கொடுக்க வழியில்லை.

சோதனைக் காட்சியில் அதிகாரி புத்தக அலமாரியைக் கிளறுவது வீண். ஒரே முறை பயன்படுத்திய கார்பனை விளக்குக்கு நேரே பிடித்தால் அடித்த வரியை அப்படியே படிக்கலாம். முதலில் அதை எடுக்கச் சொல். பிறகு இயந்திரத்தையே தூக்கிக்கொண்டு போகட்டும். தேய்ந்த எழுத்தையும் சாய்ந்த எழுத்தையும் வைத்து எந்த இயந்திரம் என்று கண்டுபிடித்துவிடலாம். ருமேனியாவில் 1983ஆம் ஆண்டு ஆணைப்படி தட்டச்சு இயந்திரம் வைத்திருப்பவர் காவல்துறையிடம் எழுத்து மாதிரியே பதிந்துவைக்க வேண்டியிருந்தது.

மூன்றாம் அங்கம் முடிந்ததும் அனுப்பு. ஒலிநாடாவில் பாட்டு பதியும் காட்சி பற்றி நீ கேட்டிருந்ததை அடுத்த கடிதத்தில் எழுதுகிறேன்.

அன்புடன்,
ராகவன்