பித்தப்பைக் கல்லும் பால்மரமும்

தோ பாயோ,
சிங்கப்பூர்.

அன்புள்ள சரசு,

உன் கடிதம் கிடைத்தது. பித்தப்பையில் கல், அடுத்த மாதம் ஆப்பரேஷன் என்று இரண்டே வரியில் சொல்லிவிட்டு, மீதிப் பக்கம் முழுக்கச் சம்பந்தி வீட்டுச் சண்டையை எழுதியிருக்கிறாய். சண்டையை நேரில் பேசிக்கொள்வோம். இங்கே எல்லோரும் சௌக்கியம். சின்னவளுக்குப் பையன் பிறந்திருக்கிறான், கேகே ஆஸ்பத்திரியில்தான். இவருக்குச் சர்க்கரை ஏறுவதும் இறங்குவதுமாக இருக்கிறது. தேக்கா பக்கம் போனால் பரோட்டா சாப்பிடாமல் திரும்ப மாட்டேன் என்று பிடிவாதம்.

உன் பேரனின் வாட்ஸ்அப் செய்தியையும் பார்த்தேன். அறுவை சிகிச்சை எல்லாம் பழங்கால வைத்தியர் சுஸ்ருதர் காலத்திலேயே நம்மிடம் இருந்தது, வெள்ளைக்காரன் திருடிக்கொண்டு போனான் என்கிறது. உண்மையா என்று கேட்கிறாய். ஆயுசில் பாதியை ஆப்பரேஷன் தியேட்டரில் நர்ஸாகக் கழித்தவளிடம் இதைக் கேட்டால் நான் சும்மா விடுவேனா!

பாதி உண்மை. அறுபட்ட மூக்குக்குப் பதில் புது மூக்கு வைத்தார்கள் என்று அதில் வரும் கதை நிஜமாகவே நடந்தது. கவாஸ்ஜி என்று ஒருவர், ஆங்கிலேயப் படைக்கு மாட்டுவண்டி ஓட்டியவர். திப்பு சுல்தானின் ஆட்களிடம் பிடிபட்டு மூக்கை இழந்தார். புனே பக்கத்தில் செங்கல் செய்யும் குலத்தைச் சேர்ந்த ஒருவர் அவருக்குப் புது மூக்கு வைத்தார். எப்படித் தெரியுமா? முதலில் மெழுகில் ஒரு மூக்கு செய்து முகத்தில் வைத்துப் பொருத்தம் பார்ப்பார். பிறகு அந்த மெழுகைத் தட்டையாக்கி நெற்றியில் வைத்து, சுற்றிக் கோடு போடுவார். கோட்டின்படி தோலை உரித்து, புருவங்களுக்கு நடுவில் மட்டும் ஒட்டியபடி விட்டு, திருப்பிக் கீழே இறக்கி மூக்காக அமைப்பார். அந்த ஒட்டு வழியாக ரத்தம் ஓடுவதால் தோல் செத்துப்போகாது. ஆங்கிலேய டாக்டர்கள் பார்த்து வியந்தார்கள். 1794இல் லண்டன் இதழ் ஒன்றில் படத்தோடு செய்தி வந்தது. அதைப் படித்த ஜோசப் கார்ப்யூ என்பவர் பல வருடங்கள் பிணங்களில் பழகிப் பார்த்து, 1814இல் லண்டனில் அதே முறையில் ஆப்பரேஷன் செய்தார். இந்தியாவிலிருந்து வந்த முறை என்று புத்தகமும் போட்டார். ஆகவே திருட்டு என்று சொல்ல முடியாது. உன் பேரனிடம் சொல்.

ஆனால் அந்தச் செய்தி சொல்லாமல் விட்டது ஒன்று உண்டு. கவாஸ்ஜி விழித்துக்கொண்டுதான் படுத்திருந்தார். வாளால் அறுத்துச் சுட்டாலும் வைத்தியன் மேல் நோயாளிக்கு அன்பு குறையாது என்று ஆழ்வார் பாடினாரே, அந்த நோயாளியும் விழித்திருந்தவர்தான். சுஸ்ருதர் நூல் அறுப்பதற்கு முன் மது கொடுக்கச் சொல்கிறது, அவ்வளவுதான். அறுக்கத் தெரிந்த கை எந்தக் காலத்திலும் இருந்திருக்கிறது சரசு. எனக்கென்னவோ, கத்தியைப் பற்றி நாம் அளவுக்கு மீறிப் பேசுகிறோம் என்றுதான் தோன்றும். நோயாளியைப் பிழைக்க வைத்தது கத்தியைச் சுற்றி வந்து சேர்ந்த மற்றவை.

முதலில் மயக்கம் வந்தது. 1846 அக்டோபரில் பாஸ்டனில் மார்ட்டன் என்ற பல் டாக்டர் ஈதர் என்ற மயக்க மருந்தைக் கொடுத்துக் காட்டினார். டிசம்பரிலேயே லண்டனில் லிஸ்டன் என்ற சர்ஜன் அதைக் கொடுத்து ஒருவரின் காலைத் துண்டித்தார். லிஸ்டன் வேகத்துக்குப் பேர்போனவர். வலியில் துடிப்பவரை நாலு பேர் அமுக்கிப் பிடித்திருக்க, நிமிடத்துக்குள் முடித்தாக வேண்டிய காலம். அன்று எல்லாம் முடிந்த பிறகு அந்த நோயாளி, எப்போது தொடங்கப் போகிறீர்கள் என்று கேட்டாராம். நிதானமாக அறுக்கலாம் என்று வந்தபின் வயிற்றுக்குள்ளும் கைவைக்கத் துணிந்தார்கள். ஆனால் பலர் பிறகு சீழ் பிடித்துச் செத்தார்கள். ரத்தம் காய்ந்து விறைத்த மேல்கோட்டை டாக்டர்கள் பெருமையாகப் போட்டுக்கொண்ட காலம் அது!

அப்புறம் அந்தச் சீழைத் தடுக்க வந்தவர் லிஸ்டர் என்ற சர்ஜன். கார்லைல் நகரத்துச் சாக்கடையின் நாற்றத்தைப் போக்கக் கார்பாலிக் அமிலம் ஊற்றுகிறார்கள் என்று கேள்விப்பட்டு, அதைக் காயத்தில் போட்டுப் பார்த்தவர். 1865 ஆகஸ்டில் கிளாஸ்கோவில் பதினோரு வயதுப் பையன் காலில் வண்டிச் சக்கரம் ஏறி, எலும்பு முறிந்து தோலைக் கிழித்துவிட்டது. வேறு இடமாக இருந்தால் காலை எடுத்திருப்பார்கள். இவர் கார்பாலிக்கில் நனைத்த துணியால் கட்டினார். ஆறு வாரத்தில் எலும்பு கூடிவிட்டது.

உனக்கும் எனக்கும் சம்பந்தமுள்ள விஷயம் இனிமேல்தான் வருகிறது. பால்டிமோரில் ஹால்ஸ்டெட் என்று ஒரு சர்ஜன் இருந்தார். அவருடைய தியேட்டர் நர்ஸ் கரோலின் ஹாம்ப்டனுக்கு, கை கழுவும் பாதரச மருந்தால் தோல் வெடித்துப் புண்ணாகிவிட்டது. வேலையை விட்டுவிடுவாளோ என்று பயந்து, 1889 வாக்கில் குட்இயர் ரப்பர் கம்பெனியில் மெல்லிய கையுறை செய்து தரச் சொன்னார். நோயாளியைக் காக்க வந்த யோசனை இல்லை, நர்ஸின் கையைக் காக்க வந்தது. (அடுத்த வருடமே அவளைக் கல்யாணமும் செய்துகொண்டார். நம் காலத்து சர்ஜன் ஒருவராவது நர்ஸின் கையைத் திரும்பிப் பார்த்திருப்பாரா?) எல்லோரும் போட்டுக்கொள்ள ஆரம்பித்த பிறகுதான் காயம் சீழ் பிடிப்பது குறைந்ததைக் கவனித்தார்கள்.

ரப்பர் பிறகு எங்கிருந்து பெருகி வந்தது? 1877இல் பூமலைக்கு, அதுதான் சிங்கப்பூர் தாவரவியல் தோட்டத்துக்கு, வந்த 22 ரப்பர் கன்றுகளிலிருந்து. மரம் சாகாமல் பட்டையைச் சீவிப் பால் எடுக்கும் வித்தையைத் தோட்டத்தின் தலைவராக இருந்த ரிட்லி அங்கே பழக்கினார். அதற்குப் பிறகு நடந்ததை நம் அப்பாக்களைக் கேட்டால் தெரியும். விடியுமுன் பெரட்டு என்று ஆள்கணக்கு, தலையில் விளக்கு, மரத்தில் கட்டிய மங்கு மங்காகப் பால். ஆஸ்பத்திரிச் சரித்திரம் எழுதுகிறவர்கள் சர்ஜன் பெயரை எழுதுகிறார்கள். பால்மரம் சீவியவன் பெயரை ஒருவரும் எழுதக் காணோம். எனக்கு இதில் கொஞ்சம் கோபம்தான்.

நான் அவுட்ரம் ஆஸ்பத்திரியில் பயிற்சிக்குச் சேர்ந்தபோது கையுறையைத் தூக்கி எறிகிற வழக்கம் கிடையாது. கழுவி, காற்றை ஊதித் தண்ணீரில் அமுக்குவோம். குமிழி வந்தால் ஓட்டை. ஒட்டுப்போட முடிந்தால் போடுவோம், முடியாவிட்டால் ஒதுக்கிவிடுவோம். காயவைத்து, மாவு தூவி, அளவு பார்த்து ஜோடி சேர்த்து, கிருமி கொல்லும் ஆவிப் பெட்டிக்கு அனுப்புவோம். மாவு தூவும் நாளில் மூக்கு, இமை எல்லாம் வெள்ளை. 1970இல் சிங்கப்பூரின் முதல் சிறுநீரக மாற்று அங்கேதான் நடந்தது. நான் அந்தப் பக்கம்கூட எட்டிப் பார்க்கவில்லை, ஆனாலும் ஒரு வாரம் கேன்டீனில் வேறு பேச்சே இல்லை.

ஆஸ்பத்திரியில் ஒரே கேள்வியை மூன்று பேர் வந்து கேட்கிறார்கள், இவர்களுக்கு ஞாபகமே இருக்காதா என்று எரிச்சல்பட்டிருக்கிறாய். பெயர் என்ன, என்ன ஆப்பரேஷன், அலர்ஜி உண்டா என்று தியேட்டருக்குள்ளும் கேட்பார்கள், பொறுமையாகச் சொல். 2008இல் உலக சுகாதார நிறுவனம், ஆப்பரேஷனின்போது ஒவ்வொன்றாகச் சரிபார்க்க 19 அம்சப் பட்டியல் ஒன்று கொண்டுவந்தது. எட்டு நகரங்களில் சோதித்ததில் சாவு 1.5 சதவீதத்திலிருந்து 0.8க்கு இறங்கியது. நாங்கள் பட்டியல் இல்லாத காலத்திலும், ரத்தம் ஒற்றும் காஸ் துணி உள்ளே தங்கிவிடாதபடி எண்ணுவோம். ஒரு தடவை ஒன்று குறைந்தது. சர்ஜன் ஊசியைக் கையில் வைத்துக்கொண்டு, சரியாக எண்ணு என்கிறார். எண்ணியாகிவிட்டது, மூடாதீர்கள் டாக்டர் என்றேன். வாளியைக் கவிழ்த்து, துணி மூட்டையை உதறித் தேடினோம். கடைசியில் அவர் செருப்பின் அடியில் ஒட்டிக்கொண்டு இருந்தது. ஒரு வார்த்தை பேசாமல் தைக்க ஆரம்பித்தார்.

உன் ஆப்பரேஷனுக்குப் பயப்படாதே. நான் வேலைக்கு வந்த காலத்தில் பித்தப்பை என்றால் வலது விலாவுக்குக் கீழே நீளமாக வெட்டுவார்கள், பத்து நாள் படுக்கை. 1985இல் ஜெர்மனியில் எரிக் மூஹே சின்னத் துளை வழியாகவே எடுத்துக் காட்டியபோது, சக சர்ஜன்களே நம்பாமல் முகத்தைச் சுளித்தார்கள். இன்று உலகம் முழுக்க அதுதான் வழக்கம். வயிற்றை உப்ப வைக்கக் கரியமில வாயு செலுத்துவார்கள். அதனால் மறுநாள் தோள்பட்டை வலிக்கும். மாரடைப்போ என்று வீட்டைக் கலக்காதே, எழுந்து நடந்தால் குறையும். நெஞ்சு அடைத்தாலோ மூச்சு வாங்கினாலோ மட்டும் உடனே நர்ஸைக் கூப்பிடு.

இன்னொன்று. பாத்திரம் கழுவும் ரப்பர் கையுறை போட்டால் கை தடித்துப்போகிறது என்று போன தீபாவளிக்குச் சொன்னாயே. அதை டாக்டரிடம் இப்போதே சொல்லிவிடு. ரப்பர் ஒத்துக்கொள்ளாதவர்களுக்கு வேறு கையுறை வைத்திருப்பார்கள். ரத்தம் உறையாமல் இருக்க மாத்திரை எதுவும் சாப்பிட்டால் அதையும் எழுதிக்கொண்டு போ.

தேதி தெரிந்ததும் போன் செய். ஈப்போ பஸ்ஸுக்கு டிக்கெட் எடுக்க வேண்டும். இவரையும் கூட்டி வருகிறேன், தனியாக விட்டால் பரோட்டாதான்.

அன்புடன்,
கமலா