அன்செல்மோ துவார்த்தேவுக்கு ஒரு மாலை ஒதுக்குங்கள்

பிரேசில் திரைப்பட வாரத்துக்குப் படம் தேர்ந்தெடுக்கும் நண்பர்களுக்கு,

வணக்கம். நீங்கள் கொடுத்த நிகழ்ச்சி நிரலைப் பார்த்தேன். இயக்குநர் க்ளாபெர் ரோஷா இருக்கிறார், மகிழ்ச்சி. இயக்குநர் நெல்சன் பெரேரா டோஸ் சாண்டோஸும் இருக்கிறார், சரி. ஆனால் 1962இல் கான் திரைப்பட விழாவில் உச்சப் பரிசான தங்கப் பனை வென்ற 'ஓ பகடோர் டி ப்ரொமெசாஸ்' படத்துக்கு ஒரே வரி, அதுவும் 'சினிமா நோவோ' (அறுபதுகளின் பிரேசில் புதிய அலை சினிமா) என்ற தலைப்பின் கீழ். திரைக்கதை எழுதி இயக்கிய அன்செல்மோ துவார்த்தேவின் பெயரே இல்லை.

சினிமா நோவோக்காரர்கள் அந்த மனிதரைத் தங்களில் ஒருவராக ஏற்கவில்லை என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. ஆட்டமும் பாட்டும் நகைச்சுவையுமான கார்னிவல் படங்களில் கதாநாயகனாக ஆடிப்பாடியவர், புனுவேல், அந்தோனியோனி போன்ற பெரிய இயக்குநர்கள் போட்டியிட்ட வருடத்தில் பரிசைத் தட்டிக்கொண்டு வந்தது பலருக்குச் செரிக்கவில்லை. 2009இல் இறக்கும்வரை அவருக்கு அந்தக் கசப்பு இருந்தது. இப்போது நீங்கள் படத்தை மட்டும் உள்ளே எடுத்துக்கொண்டு ஆளை வாசலிலேயே நிறுத்திவிட்டீர்கள். அந்தப் படத்தில் வேண்டுதலுக்காகச் சிலுவை சுமந்து வந்து தேவாலய வாசலில் தடுக்கப்பட்டவனையாவது, செத்த பிறகு ஊர்மக்கள் தேவாலயத்துக்குள் தூக்கிக்கொண்டு போகிறார்கள்.

நான் கேட்பது ஒரு மாலைதான். 1949இல் வந்த 'கர்னவால் நோ ஃபோகோ'வைப் போடுங்கள்: கதை அவருடையது, நாயகனும் அவரே, நகைச்சுவை நடிகர்கள் ஓஸ்கரீட்டோ ரோமியோவாகவும் க்ராண்டே ஓடெலோ ஜூலியட்டாகவும் வந்து அடிக்கும் கூத்தும் அதில்தான். அப்புறம் 1957இல் அவரே எழுதி, இயக்கி, நடித்த 'அப்சொலூதமென்தே செர்தோ'. சாவோ பாலோ டெலிபோன் டைரக்டரியை அப்படியே மனப்பாடம் செய்து வைத்திருக்கும் அச்சகத் தொழிலாளி டிவி வினாடி வினாவில் கலந்துகொள்கிற கதை. தொலைக்காட்சி வந்து ஏழே வருடமான நாட்டில் இப்படி ஒரு கிண்டல்! இதையெல்லாம் போர்த்துகீசியம் தெரியாத நாங்கள் எங்கே போய்ப் பார்ப்பது? கிடைப்பது சப்டைட்டில் இல்லாத மங்கிய பிரதி. படத்தில் எல்லாரும் சிரிக்கிறார்கள், எதற்கென்றே புரியாமல் உட்கார்ந்திருக்க வேண்டியிருக்கிறது. பாட்டு வந்தால்தான் கொஞ்சம் நிம்மதி.

உங்கள் விழாக்களில் ஒருவர் சிரிப்பு மூட்டினால் அது 'உலக சினிமா' ஆகாது போலிருக்கிறது. வறட்சி வேண்டும், பட்டினி வேண்டும், கடைசியில் ஒரு சாவாவது வேண்டும், இல்லாவிட்டால் தேர்வுக் குழுவுக்குத் தூக்கம் வந்துவிடும். நடிகர் எழுதினால் சந்தேகம், அழகான நடிகர் இயக்கினால் இன்னும் சந்தேகம்.

சரி, கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், மன்னியுங்கள். இவ்வளவு படங்களை வரவழைப்பது எளிதல்ல என்று எனக்கும் தெரியும். அதனால்தான் ஒரு மாலை மட்டும் கேட்கிறேன், சப்டைட்டிலோடு. இந்த வருடம் முடியாவிட்டால் அடுத்த வருடம் செய்யுங்கள். ஆனால் நிரலைத் திரும்ப அச்சடிக்கும்போது அந்த ஒரு வரியில் அன்செல்மோ துவார்த்தே என்ற பெயரைச் சேர்த்துவிடுங்கள், தயவுசெய்து. அதற்குப் பிரேசிலிலிருந்து எதையும் வரவழைக்க வேண்டியதில்லை.

இப்படிக்கு,
உங்கள் பார்வையாளன்