சுவருக்கு முன் வாட்டம்

ஐயா,

வேலூர் கொசப்பேட்டை, சைதாப்பேட்டை போன்ற பழைய பகுதிகளில் வீட்டின் பின்பக்கம் கழிப்பறையுடன் குளியலறை சேர்ப்பவர்கள் பலர், சுவர் எழுப்பிய பிறகுதான் கழிவு எங்கே போகும் என்று பார்க்கிறார்கள். முதலில் முடிவாக வேண்டியதே அதுதான்.

பாதாள சாக்கடை உள்ள தெருவில், வீட்டுக் குழாய் சாக்கடையோடு சேரும் இணைப்புத் தொட்டியின் ஆழத்தை டியூப் லெவல் (தண்ணீர் நிரப்பிய மட்டக்குழாய்) பிடித்து அளக்க வேண்டும். 4 அங்குலக் குழாய்க்கு 35 அடிக்கு 1 அடி வாட்டம், அதாவது சரிவு, தேவை. பின்கட்டிலிருந்து தெருவுக்கு 40 அடி என்றால் சுமார் 14 அங்குல இறக்கம். அது கிடைக்காமல் குழாயைப் படுக்கையாகப் போட்டால் மலம் தங்கி, தரைத் தண்ணீர் வடியும் நானி ட்ராப் வழியாக அழுக்குத் தண்ணீர் ஏறிவரும். தரை தாழ்ந்த வீடுகளில் இந்தியக் கோப்பை வேண்டாம். அது தரைக்குக் கீழே ஓர் அடிக்கு மேல் இடம் கேட்கும். வெளியேறும் வாய் தரைக்கு மேலே உள்ள பி ட்ராப் வெஸ்டர்ன் கோப்பையில் அந்த இறக்கம் மிச்சம்.

சாக்கடை வராத இடத்தில், ஐந்து பேர் வீட்டுக்கு செப்டிக் டேங்க் உள்ளளவு 5 அடிக்கு 2½ அடி, தண்ணீர் ஆழம் 3½ அடி, அதற்கு மேல் 1 அடி காலியிடம். டேங்கிலிருந்து வரும் நீரை மண்ணுக்குள் விடும் உறிஞ்சு குழி, குடிநீர்க் கிணற்றிலிருந்தும் போர்வெல்லிலிருந்தும் 18 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். பக்கத்து வீட்டு போர்வெல்லும் இதில் சேர்த்தி. சத்துவாச்சாரி மலையடிவாரம் போலப் பாறை மேலாக இருக்கும் மனையில் குழி தண்ணீரை இழுக்காது, அடுத்த வீட்டு அஸ்திவாரத்துக்குத்தான் கசியும். சிறு குழி தோண்டித் தண்ணீர் ஊற்றி ஓரிரவு ஊறவிட்டு, மறுநாள் மறுபடி நிரப்பி மட்டம் இறங்குகிறதா என்று பாருங்கள். இறங்காவிட்டால் கசியாத தொட்டி கட்டி லாரி வைத்து எடுப்பதே நேர்மையான வழி.

பழைய குளியலறைக்கு டைல்ஸ் மாற்றுவது வேறு, புது அறை சேர்ப்பது வேறு. புது அறையால் தளப்பரப்பு கூடுகிறது. மாநகராட்சி அனுமதியும், 2019ஆம் ஆண்டு ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகள் சொல்லும் பக்க இடைவெளியும் அவசியம். கழிப்பறையும் குளியலும் சேர்ந்த அறைக்கு தேசியக் கட்டட விதித்தொகுப்பு கேட்பது குறைந்தது 2.8 சதுர மீட்டர், அகலம் 1.2 மீட்டர். பக்கத்துச் சுவரை ஒட்டிக் கட்டினால் ஜன்னல் வைக்க இடமிருக்காது. ஈரம் காயாது, பூசணம் பிடிக்கும். பிறகு வங்கிக் கடனுக்கு வரும் பொறியாளர் வரைபடத்தோடு ஒப்பிடும்போதும் அதே அறைதான் இடிக்கும்.

ஒவ்வொரு தெருவிலும் சாக்கடைத் தொட்டியின் ஆழம் எவ்வளவு என்பதை மண்டல அலுவலகங்களில் மாநகராட்சி எழுதி வைக்க வேண்டும். கொத்தனார் வேலை தொடங்கும் முன் கேட்க வேண்டிய முதல் கணக்கு அது.

— கட்டடப் பொறியாளர், காட்பாடி